துறைமுகம்: வாசகர் கேள்வி–பதில்

திருகோணமலை ஆழமான இயற்கைத் துறைமுகம் என்று சின்ன வயதிலிருந்து படித்து வருகிறோம். அப்படியிருக்க, கோதுமைக் கப்பல்கள் ஏன் ஊர்ந்து ஊர்ந்து உள்ளே வருகின்றன?
– வாசகி, உப்புவெளி

ஆழம் குடாவின் நடுவில். கப்பலைக் கயிற்றால் கட்டி நிறுத்துவதோ ஜெட்டியில். அங்கே அடிப்பாகத்துக்கும் தரைக்கும் இடையில் மிஞ்சுவது சில வேளை ஒரு மீற்றர்தான். கப்பல் ஓடும்போது அதன் அடியில் தண்ணீர் விரைந்து வழுக்கிப் போகும், அமுக்கம் குறையும், கப்பல் இன்னும் கொஞ்சம் அமிழும். மாலுமிகள் இதை ‘ஸ்குவாட்’ என்பார்கள். திறந்த நீரில் கைக்கணக்கு இது: வேகத்தை நொட்டில் (மணிக்கு ஒரு கடல் மைல்) எடுத்து, அதன் வர்க்கத்தைக் கப்பலின் பருமன் குணகத்தால் (நீருக்குள் இருக்கும் உடல் ஒரு பெட்டி வடிவத்தை எவ்வளவு நிரப்புகிறது என்ற எண்) பெருக்கி, 100 ஆல் வகுத்தால் மீற்றர் வரும். குணகம் 0.8 உள்ள சரக்குக் கப்பல் 10 நொட்டில் 80 சென்ரிமீற்றர் அமிழும். 5 நொட்டில் 20 மட்டும். ஒடுங்கிய வழியில் இரண்டையும் இரட்டிப்பாக எடுக்க வேண்டும்.

மாரியில் இன்னொரு சங்கதி சேர்கிறது. மகாவலி கொட்டியாரக்குடாவில் விழுகிறது. வெள்ளம் வந்தால் மேல்நீரின் உப்பு குறையும், கப்பல் கூடுதலாகத் தாழும். 40,000 தொன் இடப்பெயர்ச்சியும் (சரக்கோடு சேர்ந்த மொத்த எடை) ஒரு சென்ரிமீற்றர் அமிழ 50 தொன்னும் கொண்ட கப்பல், கடல்நீரிலிருந்து நல்ல தண்ணீருக்கு வந்தால் 20 சென்ரிமீற்றர் தாழும். அடர்த்தி 1.025 இலிருந்து 1.015 க்கு இறங்கினாலே 8 சென்ரிமீற்றர். ஆகவே மாரியில் நீரை அள்ளி அடர்த்திமானியால் பார்த்துவிட்டுத்தான் கணக்குப் போட வேண்டும். கடல் பெருக்குக்காகக் காத்திருப்பதிலும் பெரிய லாபமில்லை. இங்கே வற்றுக்கும் பெருக்குக்கும் இடையில் ஒரு மீற்றர்கூட வராது.

எண்ணெய்க் கப்பலையும் ஜெட்டியையும் முன்பு ஒரு தடித்த வயரால் இணைப்பார்களாம், இப்போது அது இல்லை என்கிறார்கள். பாதுகாப்பைக் குறைத்துவிட்டார்களா? தொடக்கத்தில் மெதுவாகப் பம்ப் பண்ணுவதும் ஏன்?
– வாசகர், சீனன்குடா

குறைக்கவில்லை, கூட்டியிருக்கிறார்கள். கப்பலின் உடலுக்கும் ஜெட்டியின் இரும்புத் தூண்களுக்கும் துருப் பிடிக்காமலிருக்க மின்முறைப் பாதுகாப்புக் கொடுத்திருப்பார்கள். அதனால் இரண்டுக்குமிடையில் சிறிய மின்னழுத்த வித்தியாசம் எப்போதும் உண்டு. வோல்ட் சிறிதானாலும் தடை மிகக் குறைவு என்பதால் ஓடும் மின்னோட்டம் பெரிது. குழாயைக் கழற்றும் நொடியில் அந்த ஓட்டம் அறுந்தால், எண்ணெய் ஆவி நிற்கும் இடத்திலேயே பொறி பறக்கும். வயர் இதைத் தடுக்காது, வயரைக் கழற்றும் இடமே இன்னொரு பொறிவாய் ஆகிவிடும். இன்றைய முறை, குழாய் வரிசையில் ஒரே ஒரு காப்பு விளிம்பு, அதாவது மின் கடக்காத இணைப்பு, வைப்பது. கடல் பக்கத் துண்டு கப்பலோடும் கரைப் பக்கத் துண்டு நிலத்தோடும் மின்தொடர்பில் இருக்கும், நடுவில் தொடர்பு அறுந்திருக்கும். அதன் தடை 1000 ஓமுக்குக் குறையக் கூடாது. வழக்கமாய் நடக்கும் பிழை: அந்த விளிம்புக்கு அடியில் குழாயைத் தூக்கிப் பிடிக்க யாரோ ஒரு இரும்புச் சங்கிலியைக் கட்டிவிடுவது. சங்கிலி வழியாக மின் பாயும், காப்பு வெறும் அலங்காரமாகிவிடும். பெயின்ற் பூசும்போது மூடிவிடுவதும் அப்படியே. ஒவ்வொரு கப்பலுக்கும் அதன் தடையை மின்தடைமானியால் அளந்து பாருங்கள்.

மெதுவாகத் தொடங்குவதற்குக் காரணம் நிலைமின். டீசல், மண்ணெண்ணெய், விமான எரிபொருள் மூன்றும் ஓடும்போது மின்னேற்றம் சேர்க்கும், அது எளிதில் கசியாது. எண்ணெய்க் குதத்தின் உள்வாய் எண்ணெய்க்குள் மூழ்கி, சிதறல் அடங்கும்வரை வேகம் செக்கனுக்கு 1 மீற்றரைத் தாண்டக் கூடாது. 8 அங்குலக் குழாயில் அது மணிக்கு ஏறக்குறைய 116 கனமீற்றர். குழாயின் அடியில் நீர் தங்கியிருந்தால் ஆபத்து இன்னும் கூடும். நிரப்பி முடிந்ததும் அளவுகோலையோ மாதிரிப் போத்தலையோ உடனே இறக்காமல் 30 நிமிடம் விடுங்கள்.

முடிவிலும் பொறுமை வேண்டும். செக்கனுக்கு 3 மீற்றர் ஓடும் டீசலை வால்வால் பட்டென்று நிறுத்தினால் எழும் அமுக்க அலை 30 பாருக்குக் கிட்டே (ஒரு பார் என்பது ஏறக்குறைய வளிமண்டல அமுக்கம்). கப்பல் கொடுக்கும் அமுக்கம் பெரும்பாலும் 10 பாருக்குள். வெடிப்பது வால்வாக இராது, பலவீனமான குழாய்தான் வெடிக்கும். நீண்ட குழாய் என்றால் வால்வை 30 செக்கனாவது எடுத்து மூடுவது நல்லது. முதலில் கப்பலின் பம்பைக் குறைக்கச் சொல்ல வேண்டும், பிறகுதான் வால்வு.

வாடைக்காற்றில் கப்பல் கயிறு அறுந்து அடிக்கிறது. கயிறு பழசா?
– வாசகர், ஜெட்டிப் பகுதி

பழசாக இருக்கலாம். ஆனால் முதலில் வெவ்வேறு வகைக் கயிறுகளைக் கலந்து கட்டியிருக்கிறார்களா என்று பாருங்கள். ஒரே பக்கத்தில் இரும்பு வடமும் நைலோனும் கட்டியிருந்தால், இழுபடாத இரும்பு வடம் முழுப் பாரத்தையும் தாங்கி முதலில் அறும், மற்றது அதன் பின்னே. ஒரே வேலைக்கு ஒரே வகைக் கயிறு, கிட்டத்தட்ட ஒரே நீளம். நைலோன் அறுந்தால் பாம்புபோல் திரும்பும், இழுவைக் கோட்டில் எவரும் நிற்கக் கூடாது.

கப்பலுக்குக் கிட்டே வலை போட விடுகிறார்களில்லை. எங்களைக் குற்றவாளி மாதிரிப் பார்ப்பது ஏன்?
– வாசகர், மூதூர்

ஆத்திரம் நியாயம்தான். ஆனால் சட்டம் உங்களைக் குறிவைத்து எழுதியதல்ல. 2000 ஒக்ரோபரில் ஏடன் துறைமுகத்தில் அமெரிக்கப் போர்க்கப்பல் ‘கோல்’ தாக்கப்பட்டது, 2002 இல் யேமன் கடலில் எண்ணெய்க் கப்பல் ‘லிம்பர்க்’. இரண்டுக்கும் வந்தது வெடிமருந்து ஏற்றிய சிறு படகு. (நம்மூர்க் கடலுக்கு இதைச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.) சர்வதேசக் கப்பல், துறைமுகப் பாதுகாப்பு விதிக்கோவை (ISPS) 2004 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. பாதுகாப்பு நிலை மூன்று: 1 அன்றாடம், 2 கூடுதல் ஆபத்து, 3 ஆபத்து கண்முன்னே. நிலை உயர்ந்தால் படகு நிற்க வேண்டிய தூரமும் கூடலாம். கப்பல், தான் கடைசியாய் நின்ற 10 துறைமுகங்களின் விபரத்தை அடுத்த துறைமுகத்துக்குக் கொடுக்க வேண்டும். இங்கே காவல் தளர்ந்தது தெரிந்தால் அங்கே சோதனை கடுமையாகும், கப்பலின் நாட்கள் வீணாகும், அடுத்த தடவை அது இங்கே வரத் தயங்கும். முனையத்தில் மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது பயிற்சி நடத்த வேண்டும் என்பதும் அதே கோவையின் விதி. எல்லைக் கோடு எது என்பதை உங்கள் மீனவர் சங்கம் துறைமுகப் பாதுகாப்பு அதிகாரியிடம் எழுத்தில் கேட்டு வாங்கி, மிதவைகளின் இடத்தைக் குறித்து வைத்தால் வாய்த்தர்க்கம் பாதி குறையும்.