காவல் நிலையத்தில் சொன்னதை எழுதலாமா? ஒரு குடியாத்தம் நிருபருக்குப் பதில்

கேள்வி: நான் குடியாத்தத்தில் ஒரு நாளிதழுக்குப் பகுதி நேர நிருபராக இருக்கிறேன். சில மாதங்களுக்கு முன் இங்கே நடந்த ஒரு நகைக் கொள்ளையில் மூதாட்டி ஒருவர் இறந்தார். போலீசார் மூன்று பேரைக் கைது செய்து, நகைகளை மேஜையில் பரப்பி, பின்னால் மூவரையும் நிறுத்திப் படம் எடுக்கவிட்டார்கள். செய்திக் குறிப்பில் "குற்றத்தை ஒப்புக்கொண்டனர்" என்று இருந்தது. அப்படியே வெளியிட்டோம். மூவரில் ஒருவனுக்கு 17 வயது என்று பிறகுதான் தெரிந்தது. அவன் வழக்கு இளைஞர் நீதிக் குழுமத்துக்குப் போய்விட்டது. மற்ற இருவர் மீது குற்றப்பத்திரிகை தாக்கலாகி, வழக்கு வேலூர் செஷன்ஸ் நீதிமன்றத்துக்கு வந்திருக்கிறது. அவர்களின் வாக்குமூல நகல் என்னிடம் இருக்கிறது. பக்கத்து வீட்டுக்காரர் ஒருவர் தான் பார்த்ததைக் கேமரா முன் சொல்லத் தயாராக இருக்கிறார். ஆனால் கைதானவர்களுக்காக வாதாடும் எதிர்த்தரப்பு வழக்கறிஞர், "நீதிமன்றத்தில் இருக்கும் வழக்கைப் பற்றி ஒரு வரி எழுதினாலும் அவமதிப்பு" என்கிறார். கைதான ஒருவரின் தாயோ, அன்றிரவு தன் மகன் ஆம்பூரில் ஷூ கம்பெனியில் வேலையில் இருந்தான், அதையும் எழுது என்று வீட்டுக்கே வந்து அழுகிறார். எதை எழுதலாம், எதை எழுதக் கூடாது?

பதில்: அந்த வழக்கறிஞர் உங்களைப் பயமுறுத்தப் பார்க்கிறார், இல்லையென்றால் சட்டத்தைப் புரட்டி நாளாகிவிட்டது. 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 4ஆம் பிரிவு, நீதிமன்ற நடவடிக்கைகளை நியாயமாகவும் துல்லியமாகவும் வெளியிடுவது அவமதிப்பு ஆகாது என்று தெளிவாகச் சொல்கிறது. மூடிய அறையில் நடக்கும் விசாரணைக்கு மட்டும் தனிக் கட்டுப்பாடுகள் உண்டு. தீர்ப்பு வந்த பிறகு அதை நேர்மையாக விமர்சிக்க 5ஆம் பிரிவு இடம் தருகிறது. எனவே வேலூர் சத்துவாச்சாரி நீதிமன்ற வளாகத்துக்குப் பஸ் ஏறி வந்து, பின் பெஞ்சில் உட்கார்ந்து, சாட்சி சொன்னதையும் குறுக்கு விசாரணையில் அவர் தடுமாறியதையும் நீதிபதி இடையில் கேட்ட கேள்வியையும் தாராளமாக எழுதலாம். ஒரு நிபந்தனைதான்: முதல் விசாரணையில் சொன்னதைப் பெரிய எழுத்தில் போட்டுவிட்டு, மறுநாள் நடந்த குறுக்கு விசாரணையை விட்டுவிட்டால் அது "நியாயமான" செய்தி ஆகாது. இந்தக் குறை நம் மாவட்டப் பக்கங்களில் நிறையவே உண்டு.

உங்களுக்கு உண்மையில் சிக்கல் வரக்கூடிய இடம், நீங்கள் ஏற்கெனவே வெளியிட்டுவிட்ட அந்தப் படமும் "ஒப்புக்கொண்டனர்" என்ற அந்த வரியும்.

இங்கே ஒரு விசித்திரத்தைச் சொல்லியாக வேண்டும். சட்டம் பத்திரிகைக்கு முழுச் சுதந்திரம் தரும் இடம் திறந்த நீதிமன்றம். அங்கே நிருபர்களைக் காண்பதே அரிது, தீர்ப்பு நாளன்று மட்டும் வருவார்கள், அதுவும் வாசல் டீக்கடையில் வழக்கறிஞர்களான எங்களை மடக்கி, "என்ன ஆயிற்று சார்?" என்று கேட்பதற்கு. விசாரணைக் கைதிக்குப் பாதுகாப்பு மிகக் குறைவாக இருக்கும் இடம் காவல் நிலையம். அங்கே எல்லோரும் இருப்பார்கள். பத்திரிகைச் சுதந்திரமும் நியாயமான விசாரணையும் மோதுவதாகப் பொதுவாகப் பேசுகிறோம். என் அனுபவத்தில், மோதுவது பெரும்பாலும் போலீசாரின் செய்திக் குறிப்பும் நியாயமான விசாரணையும்தான். பத்திரிகை அந்தக் குறிப்புக்குத் தன் பெயரைக் கடன் கொடுக்கிறது.

வாக்குமூலத்தை எடுத்துக்கொள்வோம். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய சாக்ஷிய அதிநியம் என்ற புதிய சாட்சியச் சட்டத்தின் 23ஆம் பிரிவுப்படி, போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தைக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு எதிராக நிரூபிக்க முடியாது. பழைய சாட்சியச் சட்டத்திலும் இதே விதிதான். வெள்ளைக்காரன் காலத்திலேயே போலீஸ் அடித்து வாங்கும் வாக்குமூலத்தின் மீது அவ்வளவு நம்பிக்கை. அந்த வாக்குமூலத்தால் ஒரு பொருள் கண்டெடுக்கப்பட்டிருந்தால், அதற்கு நேரடியாகத் தொடர்புள்ள பகுதி மட்டும் செல்லும். "பாலாற்று மணலில் நகையைப் புதைத்தேன்" என்று ஒருவர் சொல்லி அங்கே நகை கிடைத்தால் அந்த வாக்கியம் நிற்கும். "பாட்டியின் கழுத்தை நெரித்தேன்" என்ற அடுத்த வாக்கியம் நிற்காது. ஆக, நீதிபதி கணக்கில் எடுக்கக் கூடாத ஒன்றை, சாட்சி சொல்லப் போகிறவர்கள் உட்பட ஊரே காலையில் டீ குடித்துக்கொண்டு படிக்கிறது. உங்களிடம் இருக்கும் நகலை வெளியிடாதீர்கள். முதல் தகவல் அறிக்கை வேறு விஷயம்: பாலியல் குற்றம், தீவிரவாதம் போன்றவை தவிர்த்த வழக்குகளில் அதை 24 மணி நேரத்துக்குள் இணையத்தில் ஏற்ற வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2016இல் உத்தரவிட்டது. குற்றப்பத்திரிகையை அப்படிப் பொதுவில் வைக்கத் தேவையில்லை என்று அதே நீதிமன்றம் 2023 ஜனவரியில் சொல்லிவிட்டது. யாரோ ஒரு காவலர் கையில் கொடுத்த நகல் என்பதால் அது பொது ஆவணம் ஆகிவிடாது.

அந்தப் படத்தைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் அதன் விளைவை நிருபர்கள் யோசிப்பதே இல்லை. கொள்ளையரை முன்பின் பார்த்திராத ஒருவர் சம்பவத்தைப் பார்த்திருந்தால், போலீசார் அடையாள அணிவகுப்புக்கு ஏற்பாடு செய்வார்கள். சிறைக்குள் நீதித்துறை நடுவர் முன்னிலையில், ஏறக்குறைய ஒரே வயதும் தோற்றமும் உள்ள பலரோடு சந்தேக நபரையும் நிறுத்திச் சாட்சியைக் காட்டச் சொல்வார்கள். இதற்காகத்தான் கைதானவரை முகத்தை மூடி நீதிமன்றத்துக்கு அழைத்து வருகிறார்கள். ஆனால் அதே முகத்தை முந்தின நாள் மாலை நிலைய வாசலில் கேமராக்களுக்குக் காட்டியிருப்பார்கள்! விசாரணையில் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் ஒரே கேள்விதான் கேட்பார்: "பத்திரிகையில் இவர் படத்தைப் பார்த்தீர்களா?" சாட்சி நேர்மையானவர் என்றால், "பார்த்தேன்" என்பார். அந்த அணிவகுப்பின் மதிப்பு அந்த இடத்திலேயே போய்விடும்.

இதில் இழப்பு இரண்டு பக்கமும் உண்டு. கைதானவர் நிரபராதி என்றால், சாட்சி அன்றிரவு கண்ட முகத்தை மறந்து, காலைப் பத்திரிகையில் கண்ட முகத்தை அடையாளம் காட்டிவிடும் அபாயம் இருக்கிறது. இத்தனைக்கும் அவர் பொய் சொல்லவில்லை, மனம் அப்படித்தான் வேலை செய்கிறது. கைதானவர் உண்மையிலேயே கொள்ளையடித்தவர் என்றால், நீங்கள் போட்ட படமே அவருக்கு விடுதலை வாங்கித் தரலாம். இறந்த மூதாட்டியின் குடும்பத்துக்கு எந்தப் பத்திரிகையும் அதற்குப் பதில் சொல்லப் போவதில்லை.

"நீதிபதி பத்திரிகை படித்தா தீர்ப்பு எழுதுகிறார்?" என்று சிலர் கேட்பார்கள். ஜூரி முறை போய் அரை நூற்றாண்டு ஆகிவிட்டது, பயிற்சி பெற்ற நீதிபதி செய்தியைப் பார்த்து மயங்க மாட்டார் என்பது பெரும்பாலும் சரிதான். ஆனால் விசாரணை என்பது நீதிபதி மட்டும் அல்லவே. சாட்சிகள் இருக்கிறார்கள், அவர்கள் பத்திரிகை படிக்கிறார்கள். ஊர் கொதிக்கும்போது ஜாமீன் மனுவும் சூடாகிவிடும். வழக்கறிஞர்கள்கூட இதற்கு விலக்கு இல்லை. குறிப்பிட்ட குற்றவாளிகளுக்காக ஆஜராக மாட்டோம் என்று வழக்கறிஞர் சங்கங்கள் தீர்மானம் போடுவதுண்டு. கோயம்புத்தூரிலிருந்து போன ஒரு வழக்கில், அத்தகைய தீர்மானங்கள் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 2010இல் சொல்ல வேண்டியிருந்தது. தீர்ப்புக்கு முன்பே ஒருவரைக் "குற்றவாளி" என்று இந்தப் பத்தியில் நானே எழுதியிருப்பதைக் கவனித்தீர்களா? பழக்கம் அவ்வளவு எளிதாக வருகிறது.

சட்டப்படி உங்கள் நிலை என்ன? அவமதிப்புச் சட்டத்தின் 3ஆம் பிரிவுப்படி, குற்றப்பத்திரிகை தாக்கலான பிறகோ, நீதிமன்றம் சம்மனோ வாரண்டோ அனுப்பிய பிறகோதான் ஒரு குற்ற வழக்கு "நிலுவையில்" இருப்பதாகக் கொள்ளப்படும். கைது நாளில் வெளியான செய்திக்கு இது ஓரளவு கவசம். இந்த இடைவெளியை அடைக்க, கைது நாளிலிருந்தே கணக்கிட வேண்டும் என்று சட்ட ஆணையம் 2006இல் தன் 200ஆவது அறிக்கையில் பரிந்துரைத்தது. நாடாளுமன்றம் பிரிவை மாற்றவில்லை. ஆனால் 2021 ஜனவரியில் பம்பாய் உயர் நீதிமன்றம், ஒரு நடிகரின் மரணத்தைத் தொலைக்காட்சிகள் கையாண்ட விதம் குறித்த வழக்கில், புலனாய்வுக் கட்டத்திலேயே நீதி நிர்வாகத்தைக் குலைக்கும் செய்தி அவமதிப்பு ஆகலாம் என்றது. தவிர்க்க வேண்டியவை என்று அது அடுக்கியவற்றில் உங்கள் மூன்று பிரச்சினைகளுமே இருக்கின்றன: போலீசிடம் கொடுத்த வாக்குமூலத்தைச் சாட்சியம் போலக் காட்டுவது, அடையாளம் தெரியும்படி கைதானவர் படத்தைப் போடுவது, முக்கியச் சாட்சிகளின் கூற்றை அலசுவது. அந்தத் தீர்ப்பு தமிழ்நாட்டைக் கட்டுப்படுத்தாது. ஆனால் சென்னையில் யாரேனும் வழக்குப் போட்டால் முதலில் எடுத்து நீட்டுவது அதைத்தான்.

தண்டனை ஆறு மாதம் வரை வெறுங்காவல் அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். வேலூர் நீதிமன்றத்தை அவமதித்தது என்றால் விசாரிப்பது சென்னை உயர் நீதிமன்றம்; கீழ் நீதிமன்றமே அனுப்ப வேண்டும் அல்லது மாநில அரசின் தலைமை வழக்கறிஞரான அட்வகேட் ஜெனரல் மனுச் செய்ய வேண்டும். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் நினைத்த மாத்திரத்தில் உங்களைக் கூண்டில் ஏற்றிவிட முடியாது.

உடனே கைவைக்க வேண்டியது சிறுவனின் படத்தில். 2015ஆம் ஆண்டின் இளைஞர் நீதிச் சட்டம் 74ஆம் பிரிவு, சட்டத்துடன் முரண்பட்ட சிறாரின் பெயர், முகவரி, பள்ளி, படம் என அடையாளம் காட்டும் எதையும் வெளியிடத் தடை விதிக்கிறது. ஆறு மாதம் வரை சிறை அல்லது இரண்டு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். "அப்போது வயது தெரியாது" என்பது அன்றைக்குச் சொல்லக்கூடிய பதில். தெரிந்த பிறகும் அந்தப் படம் உங்கள் நாளிதழின் இணையதளத்திலும் முகநூலிலும் கிடந்தால் அந்தப் பதில் எடுபடாது. ஆசிரியருக்கு எழுத்தில் கேட்டு இன்றே நீக்குங்கள். பெயரை நீக்கிவிட்டுத் தெருவையும் தந்தையின் தொழிலையும் விட்டுவைப்பதில் பயன் இல்லை. குடியாத்தத்தில் அது போதும்.

பக்கத்து வீட்டுக்காரர் விஷயத்தில் என் பதில் இரண்டாகப் பிரிகிறது. அவர் குற்றப்பத்திரிகையின் சாட்சிப் பட்டியலில் இருந்தால் கேமராவைத் தொடாதீர்கள். நாளை கூண்டில் அவர் சொல்வதற்கும் உங்கள் காணொளியில் சொன்னதற்கும் ஒரு சொல் மாறினாலும், அந்த முரண்பாட்டை வைத்தே அவரைப் பிய்த்துவிடுவார்கள். ஆனால் போலீசார் அவரை விசாரிக்கவே இல்லை என்றால், அது செய்தி. அவரை வழக்கறிஞர் ஒருவரிடம் அனுப்பிவிட்டு, நேரில் கண்டதாகச் சொல்பவர் விசாரிக்கப்படவில்லை என்பதை எழுதுங்கள். அவர் கண்டது என்ன என்பதை நீதிமன்றம் முதலில் கேட்கட்டும்.

எழுதாதே என்று மட்டும் சொல்கிற கட்சி அல்ல நான். 2020 ஜூனில் சாத்தான்குளத்தில் தந்தையும் மகனும் காவலில் இருந்து இறந்தபோது, முதல் தகவல் அறிக்கை அவர்கள் தரையில் உருண்டு காயப்பட்டதாகச் சொன்னது. எல்லோரும் நிலையக் குறிப்போடு நிறுத்தியிருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும். செய்தியும் மக்கள் கோபமும் சேர்ந்துதான், உயர் நீதிமன்ற மதுரைக் கிளை தானாக முன்வந்து வழக்கை எடுக்கும் சூழலை உண்டாக்கின. செய்தி வெளியிடத் தடை போடும் வாய்ப்பூட்டு உத்தரவுகளும் எளிதில் கிடைக்கக் கூடாது. விசாரணைக்கு உண்மையான, கணிசமான ஆபத்து இருந்தால் மட்டும், குறுகிய காலத்துக்குச் செய்தியைத் தள்ளிவைக்க உத்தரவிடலாம் என்று சஹாரா வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2012இல் வரையறுத்தது. காரணம் சொல்லாமல் கட்டுரையை நீக்கச் சொன்ன ஓர் உத்தரவை உச்ச நீதிமன்றம் 2024 மார்ச்சில் ரத்து செய்தது.

போலீசார் ஊடகங்களுக்குத் தகவல் தரும் முறைக்கு மூன்று மாதத்தில் கையேடு தயாரிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2023 செப்டம்பரில் உள்துறை அமைச்சகத்துக்கு உத்தரவிட்டது. உங்கள் நிலையத்தின் வாட்ஸ்அப் குழுவில் அதனால் ஏதும் மாறியிருக்கும் என்று எதிர்பார்க்காதீர்கள். அடுத்த முறை, யார் கைது, எந்தப் பிரிவு, எங்கே ரிமாண்ட் என்பதோடு நிறுத்துங்கள். மற்றவற்றைப் போலீசார் "கூறுகின்றனர்" என்று எழுதுங்கள்.

விடுதலை ஆனால் அதையும் அதே பக்கத்தில் போடுங்கள். வேலூர் தொரப்பாடி சிறையை நாடறியச் செய்த ராஜீவ் காந்தி கொலை வழக்கில், 1998இல் தடா நீதிமன்றம் 26 பேருக்கும் தூக்கு விதித்தது. 1999இல் உச்ச நீதிமன்றம் அவர்களில் 19 பேரைக் கொலைக் குற்றச்சாட்டிலிருந்து விடுவித்தது. முதல் செய்தி நினைவிருப்பவர்கள் நம் மாவட்டத்தில் எத்தனையோ பேர். அந்த 19ஐ நினைவில் வைத்திருப்பவர்களை நான் அதிகம் பார்த்ததில்லை.

கடைசியாக அந்த அம்மா. அவர் சொல்வதை இன்றைக்கே எழுதுவது அவர் மகனுக்கு நன்மை என்று நினைக்காதீர்கள். வேறு இடத்தில் இருந்தேன் என்ற வாதம் ஆவணத்தோடு வந்தால்தான் நிற்கும், அதற்கு முன் செய்தியாகிவிட்டால் கதையைப் பிறகு ஜோடித்தார்கள் என்று அரசுத் தரப்பு சொல்லும். ஆம்பூர் கம்பெனியின் வாசல் கேமராப் பதிவு இத்தனை மாதத்தில் அழிந்திருக்கலாம். வருகைப் பதிவேடும் அந்த மாதச் சம்பளக் கணக்கும் இருக்கும். பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 94ஆம் பிரிவின்படி அவற்றை வரவழைக்க நீதிமன்றத்தில் மனுப் போடச் சொல்லுங்கள். உங்களை மிரட்டிய அதே வழக்கறிஞர்தான் அவருக்கும் என்றால், கொஞ்சம் அழுத்தியே சொல்லுங்கள். மனு விசாரணைக்கு வரும் நாளில் நீங்கள் சத்துவாச்சாரியில் இருங்கள். திறந்த நீதிமன்றத்தில் அந்தப் பதிவேட்டைப் பற்றிப் பேசப்படும் ஒவ்வொரு வார்த்தையையும், அரசுத் தரப்பின் ஆட்சேபத்தையும் சேர்த்து, உங்கள் பெயரிலேயே எழுதலாம்.