மத்தியக் கல்வி அமைச்சகத்தின் பெயர் ஏன் இத்தனை முறை மாறியது? பண்பாடு அதிலிருந்து எப்போது பிரிந்தது?

போட்டித் தேர்வுக்குப் படிக்கும் ஒருவர் இந்தக் கேள்வியைக் கேட்டிருக்கிறார். நான் மண்டபத்துக்கும் கீழக்கரைக்கும் இடையில் உள்ள ஒரு மீனவக் கிராமத்தில் தொடக்கப்பள்ளித் தலைமை ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன். ஆண்டுகளை மட்டும் வரிசையாக எழுதிவிட்டுப் போக எனக்கு மனம் வரவில்லை. கல்வியை எந்தத் துறையோடு ஒரே கூரையின் கீழ் குடிவைத்தார்கள் என்று கவனித்துக்கொண்டே வாருங்கள். அந்தந்தக் காலத்து அரசு நம் பிள்ளைகளை எப்படிப் பார்த்தது என்பது அதிலேயே தெரிந்துவிடும்.

கதையை எங்கள் மாவட்டத்திலிருந்தே தொடங்கலாம். ஊர்ப்பற்றுக்காகச் சொல்லவில்லை; உண்மையிலேயே அது இங்கும் தொடங்கியதுதான். தஞ்சாவூர், இராமநாதபுரம், சிவகங்கை ஆகிய மூன்று ஊர்களில் பாதிரியார் சுவார்ட்ஸின் முயற்சியால் நடந்த ஆங்கிலப் பள்ளிகளுக்கு ஆண்டுக்கு 250 வராகன் வீதம் கொடுக்கக் கிழக்கிந்தியக் கம்பெனி 1787இல் ஒப்புக்கொண்டது. இந்தியா முழுவதற்குமாகக் கல்விக்கு ஆண்டுக்கு ஒரு லட்சம் ரூபாய் என்று பட்டயச் சட்டம் சொன்னது 1813இல்தான். அதற்கும் 26 ஆண்டுகளுக்கு முன்பே இராமநாதபுரத்துப் பள்ளிக்கு அரசுப் பணம் வந்திருக்கிறது. அப்துல் கலாம் இராமேசுவரத்திலிருந்து வந்து படித்தது அந்தச் சுவார்ட்ஸின் பெயர் தாங்கிய பள்ளியில்தான்.

அதன் பிறகு நெடுங்காலம் கல்வி உள்துறையின் பொறுப்பிலேயே கிடந்தது. போலீசையும் சிறைச்சாலையையும் கவனித்த அதே துறை. 1910 மார்ச்சில் கோபால கிருஷ்ண கோகலே வைசிராயின் சட்டமன்றத்தில் ஒரு தீர்மானம் கொண்டுவந்தார். தொடக்கக் கல்வி படிப்படியாக இலவசமும் கட்டாயமும் ஆக வேண்டும், கல்விக்குத் தனிச் செயலாளர் வேண்டும் என்பவை அவர் கேட்டவற்றில் முக்கியமானவை. அரசு முழுவதையும் ஏற்கவில்லை. ஆனால் அதே ஆண்டு நவம்பரில் தனிக் கல்வித் துறை பிறந்தது. ஹார்கோர்ட் பட்லர் அதன் முதல் பொறுப்பாளர். அடுத்த ஆண்டு கோகலே கொண்டுவந்த கட்டாயக் கல்வி மசோதா 1912இல் தோற்கடிக்கப்பட்டது. அவர் கேட்டதைச் சட்டமாக்கிய கல்வி உரிமைச் சட்டம் நடைமுறைக்கு வந்த நாள் 2010 ஏப்ரல் 1. நூறு ஆண்டுகள்! ஒவ்வொரு ஜூன் மாதமும் வீடு வீடாக ஏறி இறங்கிப் பிள்ளைகளைப் பள்ளிக்கு அழைத்து வந்தவன் நான். தாய் கடலில் பாசி எடுக்கப் போக, கைக்குழந்தையை இடுப்பில் சுமந்துகொண்டு வாசலில் நிற்கும் எட்டு வயது மூத்த பெண்ணைப் பார்க்கும்போதெல்லாம் அந்த நூறு ஆண்டுகள் என் நெஞ்சில் கனக்கும்.

தனித்துறை நீடிக்கவில்லை. முதல் உலகப் போருக்குப் பிந்தைய சிக்கன நடவடிக்கையாக 1923இல் கல்வி, சுகாதாரம், நிலம் மூன்றையும் ஒரே துறையாக்கினார்கள். மூன்று ஆண்டுகளே ஆகியிருந்த மத்தியக் கல்வி ஆலோசனை வாரியத்தையும் கலைத்துவிட்டு, 1935இல் மீண்டும் அமைத்தார்கள். கல்விக்கு மறுபடி தனி இடம் கிடைத்தது 1945இல். 1946இன் இடைக்கால அரசில் இராஜாஜி கல்விப் பொறுப்பில் சில மாதங்கள் இருந்தார்; 1947 ஜனவரியில் அது மௌலானா ஆசாத்திடம் வந்தது. விடுதலைக்குப் பிறகு அவரே முதல் கல்வி அமைச்சர். 1958 பிப்ரவரியில் மறையும் வரை அப்பொறுப்பில் இருந்தார்.

இந்தப் பத்தாண்டுகளைத்தான் நான் மிகவும் மதிக்கிறேன். பண்பாடு என்பது கல்வியின் உடன்பிறப்பு என்று ஓர் அரசு செயலில் காட்டிய காலம் அது. சங்கீத நாடக அகாடமி 1953 ஜனவரியிலும், சாகித்திய அகாடமியும் லலித் கலா அகாடமியும் 1954இலும் செயல்படத் தொடங்கின. மூன்றுமே கல்வி அமைச்சகத்தின் பிள்ளைகள். பல்கலைக்கழக மானியக் குழுவை 1953 டிசம்பரில் தொடங்கி வைத்ததும், உயர்நிலைப் பள்ளிகளை ஆராய நம் லட்சுமணசாமி முதலியார் தலைமையில் குழு அமைத்ததும் அதே அமைச்சகம்தான். ஆசாத் பிறந்த நவம்பர் 11ஐத் தேசியக் கல்வி நாளாகக் கொண்டாடுகிறோம். பள்ளிகளில் அன்று கட்டுரைப் போட்டி மட்டும் வைக்காமல், கூத்தும் பாட்டும் நடத்தினால் அவருக்குப் பொருத்தமாக இருக்கும் என்று நான் பல ஆண்டுகள் சொல்லி வந்தேன்.

1958இல் அமைச்சகத்தைப் பிரித்து, அறிவியல் ஆராய்ச்சியையும் பண்பாட்டு அலுவல்களையும் ஹுமாயூன் கபீரிடம் தனியாகக் கொடுத்தார்கள். சில ஆண்டுகளில் பண்பாடு கல்வியிடமே திரும்பியது. பிறகு 1969 வாக்கில் இளைஞர் நலனும் 1971 வாக்கில் சமூக நலனும் பெயர்ப்பலகையில் சேர்ந்தன. ‘கல்வி, பண்பாட்டு அமைச்சகம்’ என்ற பெயர் 1980களின் தொடக்கத்தில் இருந்தது. இதற்கிடையில் பெயரைவிடப் பெரிய மாற்றம் ஒன்று நடந்தது. அதுவரை மாநிலப் பட்டியலில் இருந்த கல்வியை 1976ஆம் ஆண்டின் 42ஆவது அரசியலமைப்புத் திருத்தம், மத்திய அரசும் மாநில அரசும் சட்டம் இயற்றக்கூடிய பொதுப்பட்டியலுக்கு எடுத்துச் சென்றது. தேர்வுக்குப் படிப்பவர்கள் அமைச்சகத்தின் பெயர்களை மறந்தாலும் இதை மறக்கக் கூடாது. பள்ளியில் மதிய உணவை 1950களில் காமராசர் ஆட்சியும், சத்துணவாக விரிவாக்கி 1982இல் எம்.ஜி.ஆர். ஆட்சியும் கொடுத்தன, மத்திய அரசின் மதிய உணவுத் திட்டம் வந்தது 1995இல். பசித்த பிள்ளைக்கு அருகில் இருப்பது மாநில அரசு என்பது என் உறுதியான கருத்து.

1985 செப்டம்பர் 26 அன்று மனித வள மேம்பாட்டு அமைச்சகம் என்ற பெயர் வந்தது. முதல் அமைச்சர் நரசிம்ம ராவ். கல்வி, பண்பாடு, இளைஞர் நலன், விளையாட்டு, மகளிர், குழந்தைகள் எல்லாம் அந்த ஒரே குடையின் கீழ். ‘வளம்’ என்ற சொல் எனக்கு உறுத்தியது. மீன் வளம், கனிம வளம் என்று சொல்லும் அதே சொல்லைப் பிள்ளைகளுக்கும் வைப்பதா? ஆனால் மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். அந்த அமைச்சகம் தந்த 1986ஆம் ஆண்டுக் கல்விக் கொள்கை, பள்ளிப் படிப்புக்கும் மக்களின் பண்பாட்டு மரபுக்கும் இடையே விழுந்த பிளவை நிரப்ப வேண்டும் என்று தெளிவாக எழுதியது. அதைத் தொடர்ந்து வந்ததுதான் கரும்பலகைத் திட்டம். ஒவ்வொரு தொடக்கப்பள்ளிக்கும் குறைந்தது இரண்டு வகுப்பறைகள், இரண்டு ஆசிரியர்கள், கற்பிக்கும் பொருள்கள் என்பது அதன் நோக்கம்.

எங்கள் பள்ளிக்கும் ஒரு பெட்டி வந்தது. உலக உருண்டை, நிலப்படங்கள், அறிவியல் கருவிகள், பள்ளி மணி. அவற்றுக்கு அடியில் ஒரு டோலக், ஆர்மோனியம், ஒரு சோடி ஜால்ரா. அரசுப் பட்டியலிலேயே இசைக்கருவிகள் இருந்தன என்பது இன்று பலருக்கும் தெரியாது. எனக்கு ஆர்மோனியம் வாசிக்கத் தெரியாது. நான்காம் வகுப்புப் பையன் ஒருவன் டோலக்கை மடியில் வைத்துத் தட்டத் தொடங்கினான். கரைவலை இழுக்கும்போது அவன் தாத்தா பாடும் அம்பாப் பாட்டின் தாளம் அது. மறுநாள் அந்தப் பெரியவரையே பள்ளிக்கு அழைத்தேன். “ஐயா, நான் படிக்காதவன், பள்ளிக்கூடத்துக்கு உள்ளே வந்து என்ன சொல்ல?” என்று வாசலிலேயே தயங்கி நின்றார். கையைப் பிடித்து அழைத்து வந்து நாற்காலியில் உட்கார வைத்தேன். அவர் அம்பா பாடினார். வாடை, கொண்டல், கச்சான், சோளகம் என்று காற்றுகளின் பெயர்களைச் சொன்னார். பிள்ளைகள் கரும்பலகையில் திசை வரைந்து குறித்தார்கள். எழுதவே மாட்டேன் என்று அடம்பிடிக்கும் இரண்டு பேர் அன்று எழுதினார்கள். சில ஆண்டுகளில் டோலக்கின் தோல் கிழிந்தது. புதுத் தோல் கட்டச் செலவு எழுதத் தலைப்பே இல்லை என்று ஓர் அலுவலகத்தில் சொல்லிவிட்டார்கள். ஊர்க்காரர்கள் பணம் போட்டுக் கட்டிக் கொடுத்தார்கள்.

பண்பாட்டுத் துறை 1999இல் மனித வள மேம்பாட்டை விட்டு வெளியேறியது. சில காலம் இளைஞர் நலனோடும் பிறகு சுற்றுலாவோடும் இணைந்திருந்து, பின்னர் தனி அமைச்சகமாயிற்று. புதிய கல்விக் கொள்கையை வரைந்த கஸ்தூரிரங்கன் குழு 2019இல் தன் வரைவில் பரிந்துரைத்தபடி, 2020 ஜூலை 29 அன்று மத்திய அமைச்சரவை ‘கல்வி அமைச்சகம்’ என்ற பழைய பெயரை மீட்டது. பண்பாடு திரும்பி வரவில்லை.

இதனால் என்ன இழப்பு என்று கேட்பீர்கள். நம் தமிழையே எடுத்துக்கொள்ளுங்கள். செம்மொழித் தமிழாய்வு மத்திய நிறுவனம் கல்வி அமைச்சகத்தின் கீழ் இருக்கிறது. இன்றைய தமிழ் எழுத்தாளருக்கு விருது தரும் சாகித்திய அகாடமி பண்பாட்டு அமைச்சகத்தின் கீழ். கல்வெட்டுகளைப் படியெடுக்கும் இந்தியத் தொல்லியல் துறையும் அங்கேதான். நிர்வாக வசதிக்கு இது சரியாக இருக்கலாம். வகுப்பறையில் நிற்கும் ஆசிரியருக்கு இவை எதுவும் சேர்ந்து வந்து சேர்வதில்லை.

வைகை கடலில் கலக்கும் இடத்துக்கு அருகில் உள்ள அழகன்குளத்தில் தமிழ்நாட்டுத் தொல்லியல் துறை 1980களின் பிற்பகுதியிலிருந்து பலமுறை அகழாய்வு செய்தது. உரோமானியக் காசுகள், தமிழி எழுத்துள்ள பானை ஓடுகள், கப்பல் உருவம் கீறிய ஓர் ஓடு எல்லாம் கிடைத்தன. ஒருமுறை ஐந்தாம் வகுப்பை அங்கே அழைத்துச் சென்று, கப்பல் ஓட்டின் படத்தைக் காட்டினேன். நான் விளக்குவதற்குள் பிள்ளைகள் பாய்மரம் எது, அதன் கயிறு எது, காற்று எந்தப் பக்கம் அடித்தால் இது ஓடும் என்று தங்களுக்குள் வாதாடத் தொடங்கிவிட்டார்கள். அன்று மாலை பாடக்குறிப்பேட்டில் இதை எந்தப் பாடத்தின் கீழ் எழுதுவது என்று வெகுநேரம் யோசித்தேன். கடைசியில் தமிழ், அறிவியல், சமூக அறிவியல் மூன்றிலும் எழுதி வைத்தேன்.