கு சாங்வெய்யின் கேமரா: கேள்வி பதில்

சீன வரலாற்றுப் படங்களின் ஒளிப்பதிவைப் படிக்க விரும்பும் மாணவன் நான். யாரிடமிருந்து தொடங்கலாம் ஐயா?

கு சாங்வெய். தயங்காமல் சொல்வேன். 1957இல் ஷீஆன் நகரில் பிறந்தவர். மாவோ காலத்து அரசியல் கொந்தளிப்பான கலாசாரப் புரட்சி முடிந்து பெய்ஜிங் திரைப்படக் கழகம் மீண்டும் மாணவர்களைச் சேர்த்த 1978இல் உள்ளே நுழைந்து, 1982இல் வெளியே வந்தார். பின்னாளில் இயக்குநரான ஜாங் யிமோவும் அதே ஒளிப்பதிவு வகுப்புதான்.

அவர் ஒளிப்பதிவு செய்த ‘ரெட் சோர்கம்’ படத்தின் சோளக்காடு உண்மையானதா?

உண்மையானது. ஷாண்டோங் மாகாணத்தில் படத்துக்காகவே விதைத்து வளர்த்தார்கள். ஆளுயரத் தாள்கள் காற்றில் சாய்ந்து எழும்போது வெயிலும் கூடவே அசைவதைப் பாருங்கள். 1988இல் பெர்லின் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கக் கரடி பெற்ற படம். புகழில் பெரும்பங்கு இயக்குநர் ஜாங் யிமோவுக்கே போய்விட்டது என்பது என் நெடுநாள் வருத்தம்.

‘ஃபேர்வெல் மை கான்குபைன்’ படத்தின் ஒளிப்பதிவுக்கு கு சாங்வெய்க்கு ஆஸ்கர் கிடைத்திருக்க வேண்டாமா?

பரிந்துரை வரை வந்தது. விருது ‘ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்’ படத்துக்குப் போனது. கான் திரைப்பட விழாவில் 1993இன் உயரிய விருதான தங்கப் பனை மட்டும் ‘தி பியானோ’வுடன் பகிர்ந்து கிடைத்தது. அதை விடுங்கள், வேலையைப் பார்ப்போம். ஓபரா என்னும் சீன இசை நாடகத்தில் நடிக்கும் இரு நண்பர்களின் கதை, 1924 முதல் 1977 வரை ஓடுகிறது. ஓபரா பள்ளியின் குழந்தைப் பருவம் சாயம் வெளுத்த பழுப்பில் இருக்கும். சிறுவர்கள் வளர்ந்து மேடையேறிய பிறகு சிவப்பும் பொன்னும் பொங்கி வரும். கலாசாரப் புரட்சியில் நண்பர்கள் ஒருவரையொருவர் காட்டிக்கொடுக்கும் இடத்தில் கேமரா எரியும் நெருப்புக்கு இந்தப் பக்கம் நிற்கிறது. தழலின் நடுக்கத்தில் முகங்கள் உருகுவதுபோல் தெரியும். எத்தனை முறை பார்த்தாலும் எனக்குத் தொண்டை அடைக்கும்.

ஜப்பானிய ஆக்கிரமிப்பு பற்றி அவர் ஒளிப்பதிவு செய்த ‘டெவில்ஸ் ஆன் த டோர்ஸ்டெப்’ ஏன் கறுப்பு வெள்ளை?

முழுவதும் அப்படி இல்லை. கடைசியில் வண்ணம் வருகிறது. எங்கே, யார் கண் வழியாக என்பதைப் பார்த்துத் தெரிந்துகொள்ளுங்கள். ஜியாங் வென் இயக்கிய இப்படம் 2000இல் கானில் இரண்டாம் பெரிய விருதான கிராண்ட் பிரி வென்றது.

அமெரிக்காவிலும் பணியாற்றினாராமே?

ஆம். ராபர்ட் ஆல்ட்மன் இயக்கிய ‘தி ஜிஞ்சர்பிரெட் மேன்’ அவர் ஒளிப்பதிவு.

பிறகு ஏன் இயக்குநரானார்?

காரணத்தை அவர் மனம் அறியும். 2005இல் அவர் இயக்கிய முதல் படமான ‘பீகாக்’குக்கு பெர்லினில் வெள்ளிக் கரடி கிடைத்தது. அடுத்த படத்தின் நாயகி அவர் மனைவி ஜியாங் வென்லி. ‘ஃபேர்வெல்’ தொடக்கத்தில், மகனின் ஆறாவது விரலை வெட்டி ஓபரா பள்ளியில் விட்டுச் செல்லும் தாயாக வருபவரும் அவரே. அந்தக் காட்சியை ஒலியை நிறுத்திவிட்டு ஒருமுறை பாருங்கள், தம்பி.