சுயாதீன இயக்குநர் ஏன் கேமரா, எடிட்டிங் என எல்லா வேலையையும் கற்றுக்கொள்கிறார்?

பெரிய தயாரிப்பு நிறுவனத்தின் பணமோ கட்டுப்பாடோ இல்லாமல் படம் எடுப்பவர்தான் சுயாதீன இயக்குநர். அவர் பல வேலை கற்க முதல் காரணம் பணம். ஒரு ஆளைக் கூடச் சேர்த்தாலும் சம்பளம், சாப்பாடு, தங்குமிடம் என்று செலவு ஏறும். அமெரிக்க இயக்குநர் ராபர்ட் ரோட்ரிகஸ், 1992-ல் வந்த தன் முதல் முழுநீளப் படத்தை ஏறக்குறைய 7,000 டாலரில் எடுத்தார். கேமராவும் எடிட்டிங்கும் அவரே.

கல்யாணப் பந்தியில் நறுக்க, சமைக்க, பரிமாறத் தனித்தனி ஆள். பாளையங்கோட்டைத் தெருமுனைத் தோசைக்கடையில் மாவு ஊற்றுவதும் காசு வாங்குவதும் ஒரே ஆள். சுயாதீனப் படம் அந்தத் தோசைக்கடை மாதிரி.

இரண்டாவது காரணம்தான் எனக்குப் பெரிதாகப் படுகிறது. எடிட்டிங் தெரிந்தவருக்கு எந்த ஷாட் எதோடு ஒட்டும் என்பது படப்பிடிப்பிலேயே தெரியும். வீண் ஷாட் குறையும். பிழைப்புக்கும் அதே கைத்தொழில்தான்: நெல்லைப் பக்கம் கல்யாண வீடியோ, கடை விளம்பரம், பிறர் படத்துக்கு எடிட்டிங் என்று செய்து அடுத்த படத்துக்குக் காசு சேர்க்கலாம். ஒலிக்கு மட்டும் தனி ஆள் வையுங்கள். தாமிரபரணிக் கரையில் காற்று மைக்கில் அறைந்தால், கேமரா பிடிப்பவர் கவனிக்கும் முன்பே வசனம் போய்விடும்.

தனியாளாக எல்லாம் செய்தால்தான் சுயாதீனப் படம் என்று பலர் நினைக்கிறார்கள். ஐம்பது பேர் வேலை செய்தாலும், கடைசி முடிவு இயக்குநர் கையில் இருந்தால் அதுவும் சுயாதீனப் படம்தான்.