நடித்த வருடங்கள் வீணா?

கேள்வி: எனக்கு வயது 33. பி.காம். முடித்துவிட்டு ஒரு துணிக்கடையில் கணக்கு எழுதுகிறேன். பத்து வருடமாகக் குறும்படங்களில், சீரியல்களில் சின்னச் சின்ன வேஷம். இப்போது சொந்தமாக எழுதி இயக்க ஆசை. ‘நடிச்ச வருஷமெல்லாம் வீணாப் போச்சு, இனிமே என்னத்தைத் தொடங்கப் போறே?’ என்கிறார் அண்ணன். ஆர்மீனியாவின் ஹாமோ பெக்நசாரியனும் நடிகராக இருந்து இயக்குநர் ஆனவராமே? அவர் கதை எனக்குப் பொருந்துமா?
- ஒரு வாசகர், மதுரை

பதில்: பொருந்தும் தம்பி, வயது உட்பட.

1891-இல் யெரெவானில் பிறந்தவர் பெக்நசாரியன். மாஸ்கோவில் உங்களைப் போல வணிகம்தான் படித்தார். 1914 வாக்கில் மௌனப் படங்களில் நடிக்கத் தொடங்கியவர், இயக்குநர் நாற்காலிக்கு வர ஒன்பது வருடம் ஆயிற்று. அதுவும் ஜார்ஜியாவில். ஆர்மீனியாவின் முதல் கதைப்படமான ‘நாமுஸ்’ஸை 1925-இல் அவரே திரைக்கதை எழுதி இயக்கியபோது வயது 34.

நாமுஸ் என்றால் மானம். சிறுவயதிலேயே நிச்சயமான பையனும் பெண்ணும் கல்யாணத்துக்கு முன்பே ரகசியமாகச் சந்திக்கிறார்கள். ஊர் வாய் சும்மா இருக்குமா? பெண்ணை அவசரமாக வேறொருவனுக்குக் கட்டிவைக்கிறார்கள். மனம் வெந்த பையன் ஒரு பொய் சொல்ல, அதை நம்பிப் புருஷன் அவளைக் கொன்றுவிடுகிறான்.

அந்தப் புருஷனாக நடித்தவர் நாடக நடிகர் ஹ்ராச்யா நெர்சிஸ்யன். இனிமேல்தான் நீங்கள் கவனிக்க வேண்டிய விஷயம். பத்து வருடம் கழித்து, 1935-இல், ஆர்மீனியாவின் முதல் பேசும் படமான ‘பெப்போ’வையும் பெக்நசாரியனே இயக்கினார். அதில் நியாயத்துக்காக நிற்கும் ஏழை மீனவன் பெப்போ யார் தெரியுமா? அதே நெர்சிஸ்யன்! புரோநோட்டு தொலைந்துபோனது தெரிந்ததும், கடனே இல்லை என்று கைவிரிக்கிற வியாபாரியாக வருபவரும் ‘நாமுஸ்’ஸில் இருந்த அவெத் அவெத்திஸ்யன்தான். அந்தப் பணம் வராததால் பெப்போவின் தங்கை கல்யாணம் நின்றுபோகிறது. (அராம் கச்சதூரியன் இசை. பெப்போவின் பாட்டை அவசியம் கேளுங்கள்.)

கொலைகாரனாகப் பார்த்த முகத்தில் ஒரு மீனவனின் ரோஷத்தைப் பார்க்க எல்லோராலும் முடியாது. வருடக்கணக்கில் கேமரா முன்னால் நின்றதால்தான் பெக்நசாரியனுக்கு அந்தக் கண் வாய்த்தது என்று நான் நம்புகிறேன். உங்களுக்கும் அந்தப் பத்து வருடம் இருக்கிறது. அதை வீண் என்று சொல்ல எனக்கு மனசு வரவில்லை.

வேலையை இப்போதைக்கு விடாதீர்கள். அவருக்கு அரசு ஸ்டுடியோ இருந்தது, உங்களுக்குச் சம்பளம்தான் இருக்கிறது. பிரம்மாண்டமான கதையும் வேண்டாம். இரண்டே இரண்டு பேர், ஒரு வீடு, ஒரு கடன் போதும். எந்த இயக்குநர் என்ன சொன்னபோது நடிப்பு தானாக வந்தது, எப்போது உடம்பு விறைத்துப்போனது என்று ஒரு நோட்டில் எழுதுங்கள். உங்களோடு துணை வேஷம் கட்டியவர்களில், இவருக்குப் பெரிய வேஷம் கிடைத்திருக்க வேண்டும் என்று நீங்கள் ஆதங்கப்பட்ட ஒருவர் நிச்சயம் இருப்பார். கதையின் முதல் பக்கத்தை எழுதும் முன் அவரைப் போய்ப் பாருங்கள்.