பாலக்காட்டில் 'நிலம்' என்று பதிவான 12 சென்ட்டை வாங்கி வீடு கட்ட முடியுமா?

நீங்கள் கோவையில் வேலை பார்த்துக்கொண்டு எல்லைக்கு அந்தப் பக்கம் மலிவாக மனை தேடுபவர் என்று எடுத்துக்கொள்கிறேன். வரி ரசீதில் 'நிலம்' என்று இருந்தாலும் பிற்பாடு வீட்டுமனையாகத் தரம் மாற்றிக்கொள்ளலாம் எனத் தரகர் உறுதி சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். நான் வழக்கறிஞன் அல்லன். பாலக்காட்டின் கிழக்கெல்லைத் தமிழ்க் கிராமமொன்றில் அப்பாவின் 42 சென்ட்டுக்காக இரண்டரை ஆண்டு அலைந்தவன் என்ற முறையில் எழுதுகிறேன்.

முதலில் ஒரு சொல்லைத் தெளிவாக்கிக்கொள்ளுங்கள். கேரள வருவாய்ப் பதிவேட்டில் 'நிலம்' என்றால் நம் வழக்கில் நன்செய். வீடு கட்டத் தக்கது 'புரயிடம்'. ஆனால் 2008 ஆகஸ்ட் 12 அன்று நடைமுறைக்கு வந்த நெல்வயல், நீர்நிலப் பாதுகாப்புச் சட்டத்தின்படி அந்த ஒரு சொல் மட்டும் எதையும் முடிவு செய்துவிடாது. ஊராட்சித் தலைவர், வேளாண் அலுவலர், கிராம அலுவலர், விவசாயப் பிரதிநிதிகள் அடங்கிய உள்ளூர்க் குழு தயாரித்து, அரசிதழில் வெளியான 'டேட்டா பேங்க்' என்னும் நெல்வயல், நீர்நிலப் பட்டியலில் அந்த சர்வே எண் இருக்கிறதா என்பதே முக்கியம். ஆண்டுக்கு ஒரு போகமேனும் நெல் விளைகிற வயல் மட்டுமல்லாமல், விளையத் தக்கதாயிருந்தும் தரிசாகப் போடப்பட்ட வயலும் இச்சட்டத்தின் கண்ணில் நெல்வயல்தான்.

எங்கள் 42 சென்ட்டில் 26 சென்ட் இன்றும் நடவு நடக்கிற வயல். மீதி 16 சென்ட், 1994-இல் அப்பா தென்னை வைத்த மேட்டுப் பகுதி. டேட்டா பேங்க்கிலோ மொத்தமும் நெல்வயல் என்று ஏறியிருந்தது. தங்கைக்கு வீடு கட்ட அந்த 16 சென்ட்டை மட்டும் பட்டியலிலிருந்து நீக்கக் கோரி 2021-இல் படிவம் 5 கொடுத்தோம். யாரும் வந்து பார்க்காமலே, வேளாண் அலுவலரின் அறிக்கையில் நெல்வயல் என்றுள்ளது என்ற ஒற்றை வரியில் மனு தள்ளுபடியானது. எறணாகுளத்திலுள்ள உயர் நீதிமன்றம் வரை போன பிறகே, இடத்தை நேரில் பார்த்தும் செயற்கைக்கோள் படத்தைப் பெற்றும் மறுபடி முடிவெடுக்கும்படி உத்தரவு கிடைத்தது.

அலுவலர் வந்த அன்று அப்பா ஒரு மரத்தடிக்குப் போய், மட்டை விழுந்த தழும்புகளைச் சுண்ணாம்புக்கட்டியால் கோடு போட்டு எண்ணிக் காட்டினார். ஆண்டுக்குப் பன்னிரண்டு மட்டை என்று வைத்தாலும் இது 2008-க்கு எத்தனையோ வருஷம் முந்திய மரம் என்றார். அலுவலர் அதைக் குறித்துக்கொள்ளவில்லை. 2008-ஆம் ஆண்டுப் படத்தில் தென்னந்தலைகள் தெரிந்ததால்தான் எங்கள் பக்கம் தீர்ந்தது.

வயலை மண் போட்டு மூட வழி சொல்கிறேன் என்று யாரேனும் இங்கே சண்டைக்கு வரலாம். அந்த 26 சென்ட்டையும் அதே படிவத்தில் சேர்க்கச் சொல்லி உறவினர்கள் வற்புறுத்தியபோது, "அது வயல்டா, வயலை வயல் இல்லைன்னு நான் எழுதித் தர மாட்டேன்" என்று மறுத்தவர் என் அப்பா. 1970-களில் எட்டு லட்சம் ஹெக்டேருக்கு மேல் நெல் விளைந்த மாநிலத்தில் இப்போது மிஞ்சியிருப்பது சுமார் இரண்டு லட்சம்தான். சட்டம் கடுமையாக இருப்பதில் எனக்கு மனக்குறை இல்லை. பார்க்காமலே கையெழுத்திடுவதில்தான் இருக்கிறது. இன்னொன்றும் சொல்லியாக வேண்டும்: தமிழ்ச் சிறுபான்மையினர் தம் மொழியிலேயே அரசோடு எழுத்துத் தொடர்பு வைத்துக்கொள்ள அம்மாநிலச் சட்டம் இடம் தந்திருந்தும், எங்களுக்கு வந்த ஒவ்வொரு தாளையும் மலையாளம் படிக்கத் தெரிந்த பக்கத்து வீட்டு அக்காவிடம் கொண்டுபோய்த்தான் அப்பா வாசித்துக் கேட்டார்.

உங்கள் 12 சென்ட் டேட்டா பேங்க்கில் இல்லையென்றால் வருவாய்க் கோட்ட அலுவலரிடம் படிவம் 6 கொடுத்துத் தரம் மாற்றலாம். 25 சென்ட் வரை கட்டணமில்லை, அதற்கு மேல் ஒரு ஏக்கர் வரை அரசு நிர்ணயித்த நில மதிப்பில் 10 சதவீதம். ஆனால் 2017 டிசம்பர் 30-க்குப் பிறகு பெரிய வயலிலிருந்து துண்டு போட்ட மனைக்கு அந்த இலவசம் கிடையாது. உங்கள் மனை எப்போது பிரிக்கப்பட்டது என்று பழைய பத்திரத்தைக் கேட்டு வாங்கிப் பாருங்கள். பட்டியலில் இருந்தால், சொந்த வீட்டுக்காக ஊராட்சிப் பகுதியில் 10 சென்ட், நகராட்சியில் 5 சென்ட் வரை மாவட்டக் குழு அனுமதிக்க வழியிருக்கிறது. ஆனால் அது வேறு வீட்டுமனை இல்லாத நில உடைமையாளரின் கஷ்டத்துக்காக வைத்தது. புதிதாக வாங்குகிற நீங்கள் அதை நம்பி முன்பணம் கொடுக்காதீர்கள்.

"ரெண்டு லோடு மண்ணை அடிச்சுடுங்க, அப்புறம் பாத்துக்கலாம்" என்று தரகர் சொன்னால் அந்தப் பேச்சை அங்கேயே நிறுத்திவிடுங்கள். ஆறு மாதம் முதல் இரண்டு ஆண்டு வரை சிறையும், 50,000 முதல் ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதமும் உண்டு; கொட்டிய மண்ணை அள்ளி வயலைப் பழையபடி ஆக்கவும் ஆட்சியருக்கு அதிகாரம் இருக்கிறது. சர்வே எண்ணை எடுத்துக்கொண்டு அந்த ஊர் கிருஷி பவனுக்கு (வேளாண் அலுவலகம்) ஒருநாள் நீங்களே போய்ப் பட்டியலைப் பார்த்துவிட்டு, அதன் பிறகு தரகரிடம் பேசுங்கள்.