டொலேடோவுக்கு ஒரு நாள்: கைடு வேண்டும், டூர் பஸ் வேண்டாம்

கேள்வி: அக்டோபர் கடைசியில் குடும்பத்தோடு மாட்ரிட் போகிறோம். நான், கணவர், 12 வயது மகள், அப்பா, அம்மா. ஒரு நாளை டொலேடோவுக்கு ஒதுக்கியிருக்கிறோம். அப்பாவுக்கு 69 வயது, முழங்கால் வலி உண்டு. அம்மா சுத்த சைவம், முட்டையும் தொடமாட்டார். பஸ்ஸில் கூட்டிப்போய்க் கூட்டிவரும் டூர் நல்லதா, நாங்களே போவது நல்லதா? டொலேடோவையும் செகோவியாவையும் ஒரே நாளில் காட்டும் டூர் ஒன்று இருக்கிறது, விலையும் கொஞ்சம்தான் அதிகம். அதை எடுக்கலாமா? (கோவையிலிருந்து ஒரு வாசகி)

கடைசிக் கேள்வியிலிருந்தே ஆரம்பிக்கிறேன், ஏனென்றால் அதில்தான் நிறையப் பேர் மாட்டிக்கொள்கிறார்கள். அந்த இரட்டை ஊர் டூரை எடுக்காதீர்கள். டொலேடோ மாட்ரிட்டுக்குத் தெற்கே 70 கிலோமீட்டர், செகோவியா வடமேற்கே 90 கிலோமீட்டர் வாக்கில், அதாவது ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குப் போகத் திரும்பவும் மாட்ரிட் பக்கமாகவே வரவேண்டும். பஸ்ஸில் மட்டும் நான்கு மணி நேரத்துக்கு மேல் உட்கார்ந்திருப்பீர்கள். முதல் தடவை நானும் இப்படி ஒரு டூரில்தான் டொலேடோவைப் பார்த்தேன். ஆற்றுக்கு அந்தப் பக்கம் போட்டோ எடுக்கக் கால் மணி, வாள் விற்கும் கடையில் முக்கால் மணி, ஊருக்குள் ஒன்றரை மணி, அதிலும் கதீட்ரலை வெளியே நின்று பார்த்ததோடு சரி. உள்ளே போக வேண்டுமென்று கேட்டபோது, டிக்கெட் இந்த டூரில் சேராது, நேரமும் இல்லை என்று சொல்லிவிட்டார்கள். அடுத்த முறை தனியாகப் போனபோதுதான் எதையெல்லாம் தவறவிட்டேன் என்று புரிந்தது.

சரி, டொலேடோ மட்டும் என்று வைத்துக்கொள்வோம். உங்களுக்கு நான் சொல்வது: ரயிலில் போங்கள், அங்கே போய் இரண்டரை அல்லது மூன்று மணி நேரத்துக்கு ஒரு கைடை வைத்துக்கொள்ளுங்கள். டூர் கம்பெனிகள் பஸ்ஸையும் கைடையும் சேர்த்து ஒரே பொட்டலமாக விற்பதால் இரண்டும் ஒன்று என்று நமக்குத் தோன்றிவிடுகிறது. மாட்ரிட் அடோச்சா நிலையத்திலிருந்து டொலேடோவுக்கு அவான்ட் ரயிலில் ஏறக்குறைய 35 நிமிடம்தான், அதுவும் நேர் வண்டி, நடுவில் மாற வேண்டியதில்லை. இதில் உங்களுக்கு உதவி தேவைப்படாது. ஆனால் ஊருக்குள் தேவைப்படும். ஒரு தெரு கூட நேராகப் போகாது என்பது ஒரு காரணம், ஆனால் வழி கண்டுபிடிக்க போன் போதும். உண்மையான காரணம் வேறு.

டொலேடோவில் எந்தக் கட்டடமும் பெயரில் சொல்வதைப் போல இருக்காது. சாண்டா மரியா லா பிளாங்கா என்று ஒரு இடம். பெயர் மாதாவுடையது. உள்ளே போனால் வெள்ளை வெளேரென்ற எண்பட்டைத் தூண்கள், குதிரை லாட வடிவ வளைவுகள், ஏதோ பழைய மசூதிக்குள் வந்துவிட்டோம் என்றே நினைப்பீர்கள். ஆனால் அது கட்டப்பட்டது யூதர்களின் தொழுகைக் கூடமாக, அதுவும் ஊர் கிறிஸ்தவ அரசர் கையில் இருந்த காலத்தில், இஸ்லாமியக் கட்டடக் கலை தெரிந்த கைவினைஞர்களின் பாணியில். 15-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தேவாலயமாக மாற்றினார்கள். இதைச் சொல்ல ஆள் இல்லாமல் நுழைந்தால் ஐந்து நிமிடத்தில் அழகாக இருக்கிறது என்று சொல்லிவிட்டு வெளியே வந்துவிடுவோம். பக்கத்திலேயே எல் டிரான்சிடோ, இதுவும் யூதத் தொழுகைக் கூடமாக இருந்ததுதான். 14-ஆம் நூற்றாண்டின் நடுவில் பேத்ரோ அரசரின் பொருளாளராக இருந்த சாமுவேல் ஹலேவி கட்டியது. சுவரின் மேல்வரிசையில் ஹீப்ரு எழுத்தும், சுதை வேலைப்பாட்டுக்குள் அரபி எழுத்தும் ஒரே சுவரில் ஓடும். கட்டியவரையே அரசர் பிறகு சந்தேகப்பட்டுச் சிறையில் போட்டுச் சித்திரவதை செய்தார், அதிலேயே அவர் உயிர் போனது. 1492-ல் மதம் மாற மறுத்த யூதர்கள் எல்லோரையும் நாட்டை விட்டே துரத்தினார்கள். இன்றைக்கு அந்தப் பகுதித் தெருக்களில் நடக்கும்போது கீழே பார்த்தால், கற்களுக்கு நடுவே விரல் அகல நீல ஓடுகள் பதித்திருப்பார்கள், ஹீப்ரு எழுத்தோடும் ஏழு கிளை விளக்கோடும். யூதர் தெருவின் எல்லைக்குள் இருக்கிறோம் என்பதற்கு அதுதான் அடையாளம். உங்கள் மகளிடம் முன்கூட்டியே சொல்லிவையுங்கள், தேடிக்கொண்டே நடப்பாள்.

கதீட்ரலும் அப்படித்தான். ஊரின் பெரிய மசூதி இருந்த இடத்தில் 1226-ல் தொடங்கி 1493 வரை கட்டினார்கள். பாடகர் குழு உட்காரும் கீழ்வரிசை மர இருக்கைகளின் முதுகில் 54 செதுக்கல்கள் இருக்கின்றன, ஒவ்வொன்றிலும் ஸ்பெயினின் கடைசி முஸ்லிம் அரசான கிரனாடாவுக்கு எதிரான போரில் ஒரு கோட்டை விழும் காட்சி. போர் நடந்துகொண்டிருந்தபோதே செதுக்க ஆரம்பித்தவை, அந்தக் காலத்துச் செய்திப்படம் மாதிரி. அப்புறம், பெரிய பீடத்தின் பின்பக்கம் இருட்டாக இருக்கிறது என்று 18-ஆம் நூற்றாண்டில் நார்சிசோ தோமே என்பவர் எதிரே இருந்த கல் கூரையையே வெட்டித் திறந்து வெளிச்சத்தை இறக்கியிருக்கிறார். கீழே நின்று அண்ணாந்து பார்த்தால் வானத்துக்குள் தேவதைகள் எட்டிப்பார்ப்பது போலிருக்கும். இதற்கெல்லாம் குறைந்தது ஒன்றரை மணி நேரம் கொடுங்கள். உள்ளே தரை சமம், உட்கார இடமும் கிடைக்கும், அப்பாவுக்குச் சிரமம் இருக்காது. ஞாயிற்றுக்கிழமை காலையில் பூசை நேரம், பார்வையாளர்களை மதியத்துக்கு மேல்தான் விடுவார்கள். திங்கட்கிழமை எல் டிரான்சிடோவும் இந்த ஊரில் வாழ்ந்த ஓவியர் எல் கிரேகோவின் அருங்காட்சியகமும் விடுமுறை. அதனால் செவ்வாயிலிருந்து வெள்ளிக்குள் ஒரு நாளாகப் பாருங்கள். நவம்பர் 1 அரசு விடுமுறை, அந்த நாளையும் தவிருங்கள், கூட்டம் தாங்காது.

கைடைப் பற்றி. காஸ்டில்லா லா மான்சா மாநில அரசின் உரிமம் பெற்ற அதிகாரபூர்வ வழிகாட்டிகள் இருக்கிறார்கள், அடையாள அட்டை வைத்திருப்பார்கள், ஆங்கிலத்தில் நன்றாகச் சொல்பவர்கள் கிடைப்பார்கள். நீங்கள் ஐந்து பேர். தலைக்கு இவ்வளவு என்ற பஸ் டூர் கட்டணத்தை ஐந்தால் பெருக்கிப் பாருங்கள், பிறகு தனி கைடு கேட்கும் தொகையோடு ஒப்பிடுங்கள். ஐந்து பேருக்கு வரும்போது பல நேரம் பெரிய வித்தியாசம் இருப்பதில்லை. தனி கைடு என்றால் அப்பா உட்காரும்போது அவரும் நிற்பார், முப்பது பேர் கூட்டத்தில் அது நடக்காது. சோகோடோவர் சதுக்கத்தில் குடை பிடித்து நிற்கும் இலவச நடைச் சுற்றுலாக்காரர்களும் உண்டு, முடிவில் நீங்களாக ஒரு தொகை கொடுக்க வேண்டும். மோசமில்லை, ஆனால் அவர்கள் கட்டடங்களுக்குள் வருவதில்லை. டொலேடோவின் கதை முழுக்க உள்ளேதான் இருக்கிறது என்பதால் உங்களுக்கு அதை நான் பரிந்துரைக்கமாட்டேன்.

பணம் கட்டுவதற்கு முன் கைடிடம் எழுத்தில் கேட்டு வாங்குங்கள்: கதீட்ரலுக்கு உள்ளே வந்து விளக்குவாரா, நுழைவுச் சீட்டு கட்டணத்தில் சேர்ந்ததா, எங்கே தொடங்கி எங்கே முடிப்பார். ஏழு இடங்களுக்குச் சேர்த்து ஒரு கைப்பட்டைச் சீட்டு விற்கிறார்கள். சாண்டா மரியா லா பிளாங்கா, சாந்தோ தோமே தேவாலயம், சான் ஹுவான் தெ லோஸ் ரேயெஸ் மடம் மூன்றும் அதில் வரும், கதீட்ரலும் எல் டிரான்சிடோவும் வராது, அவற்றுக்குத் தனிச் சீட்டு. ஏழையும் பார்க்க முயலவே வேண்டாம். மூன்று நான்கு போதும்.

அப்பாவின் முழங்காலுக்காகத்தான் பஸ் டூரை யோசிக்கிறீர்கள் என்று நினைக்கிறேன். ஆனால் டொலேடோ மூன்று பக்கமும் டாகஸ் ஆறு சுற்றியோடும் ஒரு பாறைக் குன்று, பெரிய பஸ்கள் உள்தெருக்களுக்குள் நுழையவே முடியாது. மதிலுக்கு வெளியே இறக்கிவிட்டு எஸ்கலேட்டரில் ஏற்றித்தான் கூட்டிப்போவார்கள். ரயிலில் வந்தாலோ நிலைய வாசலிலேயே டாக்ஸி நிற்கும், சில நிமிடத்தில் மேலே சோகோடோவரில் இறங்கிவிடலாம். ஐந்து பேர் என்பதால் இரண்டு வண்டி வேண்டியிருக்கும், அல்லது அப்பா அம்மாவோடு ஒருவர் டாக்ஸியில், மற்றவர்கள் ஊர்ப் பேருந்தில். நிலையத்திலிருந்து நடந்து ஏறுவது மட்டும் வேண்டாம். ரயிலைவிட்டு இறங்கியதும் ஓடாதீர்கள், அந்த நிலையத்தையே ஒரு நிமிடம் பாருங்கள், பழைய அரபுக் கைவண்ணத்தை நினைவுபடுத்தும் செங்கல் வேலையும் வண்ணக் கண்ணாடியுமாக அதுவே ஒரு அரண்மனை போல இருக்கும்.

வழியும் முக்கியம். மேட்டிலிருந்து தாழ்வுக்கு நடக்கும்படி வைத்துக்கொள்ளுங்கள். சோகோடோவரில் தொடங்கி (அரபியில் கால்நடைச் சந்தை என்ற பெயர்தான் இப்படித் திரிந்தது) கதீட்ரல், பிறகு சாந்தோ தோமே, அங்கே எல் கிரேகோ வரைந்த ஓர்காஸ் பிரபுவின் அடக்கம், அதற்குப் பிறகு யூதர் பகுதி, கடைசியில் சான் ஹுவான் தெ லோஸ் ரேயெஸ் மடம். கிரனாடாவில் சிறைபட்டிருந்த கிறிஸ்தவக் கைதிகளை விடுவித்தபோது கழற்றிய சங்கிலிகளை அந்த மடத்தின் வெளிச்சுவரில் மாட்டி வைத்திருக்கிறார்கள், இன்னும் தொங்குகின்றன. இந்த வரிசையில் போனால் பெரும்பாலும் இறக்கம்தான், முடியும் இடத்தில் டாக்ஸி கூப்பிட்டுக்கொள்ளலாம். தெருவெல்லாம் உருண்டைக் கல், மழை பெய்தால் வழுக்கும், அதனால் அப்பாவுக்கு நல்ல பிடிப்புள்ள ஷூவும் ஒரு மடக்கு ஊன்றுகோலும் கட்டாயம். மணிக்கூண்டு ஏறுவதை விட்டுவிடுங்கள்.

சாப்பாட்டு விஷயத்தில் அம்மாவுக்குத்தான் கொஞ்சம் ஏற்பாடு வேண்டும். ஸ்பெயினில் சாந்விச் வெஹெதால் என்று எழுதியிருப்பதைச் சைவம் என்று நம்பி வாங்காதீர்கள், பெரும்பாலும் உள்ளே சூரை மீனும் முட்டையும் இருக்கும். பிஸ்தோ மான்சேகோ என்பது தக்காளி, குடைமிளகாய், சுரைக்காய் போன்ற ஒரு காய் எல்லாம் போட்டு வதக்கிய கூட்டு, நம் வாய்க்கு ஒத்துவரும், ஆனால் மேலே ஒரு முட்டையைப் பொரித்து வைப்பார்கள். "சின் உவேவோ, சின் கார்னே, சின் பெஸ்காதோ" என்று சொல்லுங்கள்: முட்டை, இறைச்சி, மீன் வேண்டாம். ஹாமை இறைச்சிக் கணக்கில் சேர்க்காத ஆட்கள் உண்டு, அதனால் "சின் ஹமோன்" என்பதையும் சேர்த்துச் சொல்வது நல்லது. மதியச் சமையல் ஒன்றரை மணிக்கு முன் பெரும்பாலும் தொடங்காது. காலையில் கிளம்பும்போதே தயிர் சாதமோ சப்பாத்தியோ கையில் இருந்தால் அம்மா நிம்மதியாக இருப்பார். மஸபான் என்ற பாதாம் இனிப்பு இந்த ஊரின் சிறப்பு, நம் பாதாம் அல்வாவின் ஒன்றுவிட்ட சகோதரி போன்றது. மேலே மினுமினுப்புக்கு முட்டை தடவிச் சுடுவது வழக்கம், நீங்கள் போகும் சமயத்தில் சகல புனிதர் திருநாளுக்காக விற்கும் எலும்பு வடிவ மஸபானுக்குள்ளும் மஞ்சள் கருதான் இருக்கும், ஆகவே அம்மாவுக்கு வாங்குமுன் கேட்டுவிடுங்கள்.

பஸ் டூர்தான் நிம்மதி என்று வீட்டில் எல்லோரும் சொன்னால் அதுவும் தவறில்லை, டொலேடோ மட்டும் போகிற முழு நாள் டூராக, கதீட்ரல் நுழைவு சேர்ந்ததாக, மதிலுக்குள் நான்கு மணி நேரமாவது தருவதாகப் பாருங்கள். பட்டறைப் பார்வை என்று நிரலில் இருந்தால் அது கடைதான். எஃகில் தங்கக் கம்பி அடித்துப் பதிக்கும் டமாஸ்கினாதோ வேலை நிஜமாகவே அருமையானது, ஆனால் அதைச் சாந்தோ தோமே பக்கத்துச் சின்னக் கடைகளிலேயே பார்த்துக்கொள்ளலாம்.

ரயிலென்று முடிவானால் போகவும் வரவும் சேர்த்து முன்கூட்டியே எடுத்துவிடுங்கள், காலை வண்டிகள் சீக்கிரம் நிரம்பிவிடும். அடோச்சாவில் பைகளைச் சோதிப்பதால் அரை மணி முன்னதாகப் போங்கள். திரும்பும் வண்டியை இரவு ஏழு மணிக்கு மேல் வையுங்கள். ஐந்து மணிக்கெல்லாம் டூர் பஸ்கள் கிளம்பிவிடும், அதற்குப் பிறகு ஊரே வேறு மாதிரி ஆகிவிடும். அக்டோபரின் கடைசி ஞாயிறு அன்று அங்கே கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னால் தள்ளுவார்கள், அதற்குப் பிறகு போகிறீர்கள் என்றால் ஆறேகால் வாக்கில் சூரியன் மறைந்துவிடும். அதைக் கணக்கில் வைத்து ஐந்தரைக்கு டாக்ஸி பிடித்து ஆற்றுக்கு அக்கரையில் மிராடோர் தெல் வாய்யேவுக்குப் போங்கள், டாக்ஸிக்காரரைக் காத்திருக்கச் சொல்லுங்கள். அங்கிருந்துதான் ஆறும் மதிலும் கதீட்ரலும் ஒரே பார்வையில் தெரியும், அப்பா ஒரு படி கூட ஏற வேண்டியதில்லை.